நொதி என்றால் என்ன? கமலா சோஹோனியின் ஆய்வுகள் வழியே ஓர் அறிமுகம்

வாழைப்பூவை நறுக்கியதும் மோர் கலந்த தண்ணீரில் போடுகிறோம். மொச்சையை முதல் நாள் இரவே ஊறவைத்து மறுநாள் நன்றாக வேகவிடுகிறோம். பதநீர் இறக்கும் கலயத்தின் உட்புறம் சுண்ணாம்பு தடவுகிறார்கள். இந்த மூன்றுக்கும் பின்னால் இருப்பது நொதிகளின் கதை. பதினொன்றாம் வகுப்புப் புத்தகத்தில் வரைபடமும் சமன்பாடுமாக வந்து பிள்ளைகளை மிரட்டுகிற அதே நொதிதான்.

மும்பை மாட்டுங்காவில் நம் தமிழ்க் குடும்பத்துப் பிள்ளைகள் சிலருக்கு நான் உயிரியல் சொல்லிக்கொடுக்கிறேன். இந்தப் பாடத்தை மட்டும் புத்தக வரிசைப்படி நடத்துவதில்லை. கமலா சோஹோனி என்ற உயிர்வேதியியலாளரின் வாழ்க்கையோடு சேர்த்துத்தான் சொல்வேன். அவர் ஆராய்ந்தவை உருளைக்கிழங்கு, பயறு, பதநீர் என்று பிள்ளைகளுக்கு நன்றாகத் தெரிந்த பொருள்கள். அவர் வேலை பார்த்த இன்ஸ்டிடியூட் ஆஃப் சயின்ஸும் இதே மும்பையில், ஓவல் மைதானத்திலிருந்து நடந்து போகிற தூரத்தில் இருக்கிறது. அந்தக் கல் கட்டடத்தைத் தினமும் தாண்டிப் போகிறவர்களில் எத்தனை பேருக்கு அவர் பெயர் தெரியும் என்று நினைத்தால் எனக்கு ஆற்றாமையாக இருக்கும்.

சரி, முதலில் நொதியைப் பார்த்துவிடுவோம்.

டப்பாவில் இருக்கும் சர்க்கரை வருடக்கணக்கில் அப்படியே கிடக்கிறது. அதைச் சுற்றி ஆக்சிஜன் இல்லாமல் இல்லை. இரண்டும் வினைபுரிந்தால் ஆற்றல் வெளிவரும், கார்பன் டை ஆக்சைடும் தண்ணீரும் மிஞ்சும். ஆனாலும் எதுவும் நடப்பதில்லை. கரண்டியில் எடுத்து நெருப்பில் காட்டினால்தான் கருகி எரிய ஆரம்பிக்கும். வினை தொடங்குவதற்கு முன்னால் தாண்டவேண்டிய ஒரு தடை இருக்கிறது. அதைத் தாண்ட நெருப்பின் சூடு வேண்டியிருக்கிறது. நம் உடம்புக்குள் அதே சர்க்கரை 37 டிகிரி வெப்பத்தில், கொஞ்சம் கொஞ்சமாக, ஒவ்வொரு செல்லிலும் ஆக்சிஜனோடு வினைபுரிந்துகொண்டே இருக்கிறது. அந்தத் தடையின் உயரத்தைக் குறைத்துக் கொடுப்பதுதான் நொதியின் வேலை.

நொதிகளில் பெரும்பாலானவை புரதங்கள். அமினோ அமிலங்களை நூற்றுக்கணக்கில் கோத்த ஒரு நீளச் சங்கிலி, தானாகவே மடிந்து சுருண்டு ஒரு குறிப்பிட்ட உருவம் எடுத்துக்கொள்கிறது. அந்த உருவத்தில் ஓரிடத்தில் சின்னக் குழி ஒன்று இருக்கும். அந்தக் குழிக்குள் சரியாக உட்காரக்கூடிய மூலக்கூறு மட்டும் வந்து அமரும். அமர்ந்ததும் அதன் பிணைப்புகள் இழுபடும், அறுபடும், அல்லது புதிதாகச் சேரும். மாறிய மூலக்கூறு வெளியே போய்விடும். நொதி பழையபடியே இருக்கும், அடுத்ததை ஏற்றுக்கொள்ளும். நம் ரத்தச் சிவப்பணுக்களில் இருக்கும் கார்பானிக் அன்ஹைட்ரேஸ் என்ற நொதியின் ஒரே மூலக்கூறு, நொடிக்குச் சுமார் பத்து லட்சம் கார்பன் டை ஆக்சைடு மூலக்கூறுகளை மாற்றிவிடுகிறது.

நொதிக்கு உயிர் உண்டா என்று பிள்ளைகள் கேட்பார்கள். கிடையாது. 1897இல் எடுவர்ட் புக்னர் என்ற ஜெர்மானியர், ஈஸ்டை அரைத்துப் பிழிந்து, உயிருள்ள செல் ஒன்றுகூட இல்லாத சாறு எடுத்தார். அந்தச் சாறும் சர்க்கரையைப் புளிக்கவைத்தது. அதுவரை புளிப்பதற்கு உயிர் வேண்டும் என்று நம்பிக்கொண்டிருந்தார்கள். நொதி புரதம்தான் என்பது அதற்கும் பிறகுதான் தெரிந்தது. 1926இல் ஜேம்ஸ் சம்னர் அவரைக்காய் இனத்து விதை ஒன்றிலிருந்து யூரியேஸ் என்ற நொதியைப் படிகமாகப் பிரித்துக் காட்டினார். கமலா கல்லூரியில் வேதியியல் படித்தபோது இந்தச் செய்திக்குச் சில வயதுதான் ஆகியிருந்தது. அவ்வளவு இளம் துறைக்குள்தான் அவர் நுழைந்தார்.

வேலை எல்லாம் உருவத்தை நம்பி நடப்பதால், உருவம் குலைந்தால் நொதி செத்த மாதிரிதான். சூடு குலைக்கும். புளிப்பும், சுண்ணாம்பு போன்ற காரப் பொருளும் குலைக்கும். உருவத்தைத் தொடாமல், அந்தக் குழியை மட்டும் வேறொன்று வந்து அடைத்துக்கொண்டாலும் வேலை நின்றுபோகும். மோர்த் தண்ணீரில் வாழைப்பூ கறுக்காமல் இருப்பதற்கும் இதுதான் காரணம். பூவை வெட்டியதும் உடைந்த செல்களிலிருந்து ஒரு நொதி வெளிப்பட்டு, அங்கிருக்கும் ஃபீனால் வகைப் பொருள்களைக் காற்றிலுள்ள ஆக்சிஜனோடு சேர்த்துக் கறுப்பு நிறமாக்குகிறது. மோரின் புளிப்பு அந்த நொதியைத் தடுக்கிறது. தண்ணீர் காற்றையும் மறைக்கிறது. வாழைக்காய், கத்தரிக்காய், உருளைக்கிழங்கு எல்லாவற்றிலும் இதே நொதிக் குடும்பம்தான்.

இனி கமலாவிடம் வருவோம். 1911இல் இந்தூரில் பிறந்தவர். அப்போது கமலா பாக்வத். அப்பா நாராயணராவ், சித்தப்பா மாதவராவ் இருவருமே பெங்களூரில் டாடா நிறுவிய இன்றைய இந்திய அறிவியல் கழகத்தில் படித்த வேதியியலாளர்கள். மராத்தி இலக்கியம் படித்தவர்களுக்குத் தெரிந்த எழுத்தாளர் துர்கா பாக்வத், கமலாவின் சகோதரி. 1933இல் பம்பாய்ப் பல்கலைக்கழகத்தில் வேதியியலில் முதலிடம் பெற்றுத் தேறினார். அப்பாவும் சித்தப்பாவும் படித்த இடத்துக்கே மேற்படிப்புக்கு விண்ணப்பித்தார். இடம் கிடைக்கவில்லை. மதிப்பெண் குறை இல்லை. பெண் என்பதுதான் காரணம். அப்படி முடிவெடுத்த இயக்குநர் சர் சி. வி. ராமன்.

ராமன் திருச்சியில் பிறந்தவர், நமக்கெல்லாம் பெருமை. அதற்காக இந்த இடத்தைப் பூசி மெழுகவேண்டும் என்று எனக்குத் தோன்றவில்லை. பிள்ளைகளிடம், அதுவும் பெண் பிள்ளைகளிடம், இதை உள்ளபடியே சொல்லிவிடுவேன். கமலா பெங்களூருக்கே நேரில் போய், காரணத்தைச் சொல்லும்படி கேட்டு விடாப்பிடியாக நின்றார். கடைசியில் இடம் கிடைத்தது, நிபந்தனைகளோடு. ஒரு வருடத்துக்கு அவர் முறையான மாணவி இல்லை. வழிகாட்டி சொன்னால் இரவிலும் வேலை செய்யவேண்டும். ஆண் ஆய்வாளர்களின் கவனம் சிதறும்படி நடந்துகொள்ளக் கூடாது. கடைசி நிபந்தனையைப் படிக்கும்போது இன்றைக்கும் ரத்தம் கொதிக்கிறது. ஒரு வருடம் முடிந்ததும் அவருடைய வேலையைப் பார்த்து ராமனே திருப்தியடைந்தார். அதற்குப் பிறகு அங்கே பெண்களுக்கு இடம் கொடுக்க ஆரம்பித்தார்கள். ஆனால் அந்த அவமானத்தைக் கமலா மறக்கவில்லை. ராமன் பெரிய விஞ்ஞானிதான், மனம் குறுகியவர் என்பதைப் பல பத்தாண்டுகள் கழித்தும் வெளிப்படையாகச் சொன்னார்.

பெங்களூரில் அவருக்கு வழிகாட்டியாக அமைந்தவர் ஸ்ரீநிவாசய்யா. கண்டிப்பானவர், ஆனால் தகுதியுள்ளவர்களுக்கு மனமுவந்து சொல்லிக்கொடுப்பவர். அங்கே கமலா எடுத்துக்கொண்டது பாலிலும் பயறுகளிலும் இருக்கும் புரதங்களை. பாலும் பருப்பும்தான் அன்றைக்கு இந்தியாவில் கறி, மீன் வாங்க முடியாதவர்களுக்கும் சாப்பிடாதவர்களுக்கும் புரதத்துக்கு இருந்த வழி. 1936இல் பட்டம் பெற்றார். அடுத்த ஆண்டு கேம்பிரிட்ஜ் போனார்.

கேம்பிரிட்ஜின் உயிர்வேதியியல் கூடம் அப்போது ஃபிரெடரிக் ஹாப்கின்ஸ் தலைமையில் இருந்தது. வைட்டமின் ஆய்வுக்காக 1929இல் நோபல் பரிசு வாங்கியவர். கமலா வந்தபோது அங்கே மேசை எல்லாம் நிரம்பியிருந்தது. டெரெக் ரிக்டர் என்பவர் பகலில் தன் மேசையை அவருக்கு விட்டுக்கொடுத்தார். ரிக்டரோடு சேர்ந்து ஃபீனால்களை மாற்றும் நொதிகளைப் பற்றி ஓர் ஆய்வுக்கட்டுரையும் எழுதினார். வாழைப்பூவைக் கறுக்கவைக்கும் நொதியின் உறவுக்கார நொதிகள்தான் அவை. ரிக்டர் வேறிடம் போனதும் ராபின் ஹில்லிடம் சேர்ந்தார். தாவரங்களில் ஒளிச்சேர்க்கையின்போது ஆக்சிஜன் எப்படி வெளிவருகிறது என்பதில் இன்றும் ஹில் வினை என்று பாடப்புத்தகத்தில் வருகிறதே, அந்த ஹில்தான்.

இங்கேதான் உருளைக்கிழங்கு வருகிறது. கேள்வி இது: செல்கள் ஆக்சிஜனை எடுத்துக்கொண்டு உணவிலிருந்து ஆற்றலைப் பிரிக்கின்றன. பிராணிகளிடத்திலும் ஈஸ்டிலும் அது நடக்கும் வழியில் சைட்டோகுரோம் என்ற சிவப்பு நிறப் புரதங்கள் இருப்பதை டேவிட் கைலின் 1925இல் கேம்பிரிட்ஜிலேயே காட்டியிருந்தார். தாவரங்களிலும் அதே வழிதானா?

அந்த வழியைப் புரிந்துகொள்ள ஓர் உவமை சொல்கிறேன். நம் பக்கம் தண்ணீர் லாரி வந்தால் தெருவில் வரிசையாக நின்று குடத்தைக் கைமாற்றுவோம் இல்லையா? யாரும் நகர்வதில்லை, குடம்தான் நகர்கிறது. செல்லுக்குள் ஆற்றலைப் பிரித்தெடுக்கும் உறுப்பான மைட்டோகாண்டிரியாவின் உட்சவ்வில் இப்படித்தான் புரதங்கள் வரிசையாக நிற்கின்றன. உணவிலிருந்து பிரிந்த எலக்ட்ரான்தான் குடம். வரிசையின் கடைசியில் நிற்பது ஆக்சிஜன். எலக்ட்ரானை வாங்கிக்கொண்டு தண்ணீராகிவிடுகிறது. வழியில் ஒவ்வொரு கைமாற்றத்திலும் வெளிவரும் ஆற்றலைச் செல் சேமித்துக்கொள்கிறது. கடைசிப் புரதத்துக்கு முன்னால் நிற்கும் சின்னப் புரதம்தான் சைட்டோகுரோம் சி. மனிதரில் அதற்கு 104 அமினோ அமிலங்கள். நடுவில் ஒரு இரும்பு அணு. இரும்பு ஒரு எலக்ட்ரானை வாங்கிக்கொள்ளும், உடனே அடுத்ததிடம் கொடுத்துவிடும். அதனிடமிருந்து வாங்கி ஆக்சிஜனிடம் கொடுக்கிற பெரிய நொதிக்கு சைட்டோகுரோம் ஆக்சிடேஸ் என்று பெயர். சயனைடு ஆளைக் கொல்வது இந்த ஆக்சிடேஸை அடைத்துவிடுவதால்தான். மூச்சு உள்ளே போகும், ஆக்சிஜன் ரத்தத்தில் இருக்கும், ஆனால் எலக்ட்ரானை அதனிடம் ஒப்படைக்க ஆள் இல்லாமல் செல்கள் செத்துப்போகும்.

கமலா உருளைக்கிழங்கின் திசுவிலிருந்து தொடங்கித் தாவரத் திசுக்களில் சைட்டோகுரோம் சி இருப்பதைக் காட்டினார். 1939இல் ஹில்லும் அவரும் சேர்ந்து, பூக்கும் தாவரங்களில் சைட்டோகுரோம் ஆக்சிடேஸ் இருப்பதைப் பற்றி நேச்சர் இதழில் எழுதினார்கள். ஆக, கிழங்கு மூச்சுவிடுவதும் நாம் மூச்சுவிடுவதும் அடிப்படையில் ஒரே இயந்திரத்தால். பச்சை நிறமே இல்லாத, மண்ணுக்கடியில் கிடக்கிற கிழங்கில் அதைப் பார்த்ததுதான் அழகு. ஒளிச்சேர்க்கையின் குறுக்கீடு அங்கே இல்லை. அவருடைய ஆய்வேடு சுமார் 40 பக்கம்தான். பதினான்கு மாதத்தில் முடித்தார் என்பார்கள். பக்கக் கணக்கு பார்த்துப் பயப்படுகிற இன்றைய ஆராய்ச்சி மாணவர்கள் இதைச் சுவரில் எழுதி ஒட்டிக்கொள்ளலாம்.

அறிவியலில் முனைவர் பட்டம் பெற்ற முதல் இந்தியப் பெண் கமலாதான் என்று பல இடங்களில் எழுதுகிறார்கள். தாவரவியலாளர் ஜானகி அம்மாள் 1931லேயே அமெரிக்காவின் மிச்சிகனில் டாக்டர் பட்டம் வாங்கிவிட்டார். யார் முதல் என்று சண்டை போடுவதைவிட, இந்த இரண்டு பெயரும் பாடப்புத்தகத்தில் சேர்ந்து வரவேண்டும் என்பதே என் ஆசை.

1939இல் நாடு திரும்பியவர் புது தில்லியின் லேடி ஹார்டிங் மருத்துவக் கல்லூரியில் உயிர்வேதியியல் துறைத் தலைவரானார். அப்புறம் நீலகிரியில், குன்னூரின் ஊட்டச்சத்து ஆய்வுக்கூடத்தில் உதவி இயக்குநராக வைட்டமின்களைப் பற்றி ஆராய்ந்தார். 1947இல் சோஹோனி என்ற காப்பீட்டுக் கணக்கியல் நிபுணரை மணந்து பம்பாய்க்கு வந்தார். இன்ஸ்டிடியூட் ஆஃப் சயின்ஸில் புதிதாகத் திறந்த உயிர்வேதியியல் துறையில் பேராசிரியரானார். அடுத்து வந்த ஆண்டுகளில் அவர் செய்ததுதான் நம் அடுக்களைக்கு ரொம்ப நெருக்கம்.

முதலில் நீரா. நம் ஊர்ப் பதநீர்தான் இங்கே நீரா. மும்பையின் ரயில் நிலையங்களில் சில்லென்று விற்றுக்கொண்டிருந்தார்கள். தாதரில் இறங்குகிற நம் ஊர்க்காரர்கள் ஒரு கிளாஸ் குடித்துவிட்டுத் திருநெல்வேலியைப் பற்றிப் பேச ஆரம்பித்துவிடுவார்கள். பனை அல்லது ஈச்சமரத்தின் சாறு இறங்கும்போது அதில் நூற்றுக்குப் பத்துப் பங்கு அளவில் சர்க்கரை இருக்கும். காற்றிலும் கலயத்திலும் இருக்கும் ஈஸ்ட் அதற்குள் விழும். ஈஸ்டின் இன்வெர்டேஸ் என்ற நொதி முதலில் அந்தச் சர்க்கரையை குளுக்கோஸ், ஃபிரக்டோஸ் என்று இரண்டாக உடைக்கும். அதன்பின் ஈஸ்டுக்குள் பன்னிரண்டு நொதிகள் ஒன்றன்பின் ஒன்றாக வேலை செய்து குளுக்கோஸை ஆல்கஹாலாகவும் கார்பன் டை ஆக்சைடாகவும் மாற்றும். அதுதான் கள். நுரை பொங்குவது கார்பன் டை ஆக்சைடால். இன்னும் விட்டுவைத்தால் வேறு பாக்டீரியா வந்து ஆல்கஹாலைக் காடியாக்கிவிடும்.

கலயத்தில் சுண்ணாம்பு தடவினால் சாறு காரத்தன்மைக்குப் போகிறது. ஈஸ்டுக்கு லேசான புளிப்புதான் பிடிக்கும். காரத்தில் அது பெருகாது, நொதிகளும் ஒழுங்காக ஓடாது. பனையேறிகள் ஆய்வுக்கூடம் இல்லாமலே கண்டுபிடித்த நொதித் தடுப்பு இது. குளிரவைத்தாலும் புளிப்பது தள்ளிப்போகும். ஆனால் குளிரில் நொதியின் உருவம் குலைவதில்லை, வேலை மட்டும் மெதுவாகிறது. அதனால்தான் பாட்டிலை வெளியே வைத்ததும் மறுபடி புளிக்க ஆரம்பிக்கிறது. கொதிக்கவைத்துக் கருப்பட்டியாக்கிவிட்டால் கதை முடிந்தது. ஈஸ்டும் செத்துப்போகும், நொதிகளும் குலைந்துபோகும்.

நீராவை ஆராயும்படி கமலாவிடம் சொன்னவர் அன்றைய குடியரசுத் தலைவர் ராஜேந்திர பிரசாத். மதுவிலக்குச் சட்டம் பம்பாய் மாகாணத்தில் 1949இல் வந்திருந்தது. கள் இறக்கிப் பிழைத்தவர்களுக்கு வேறு வழி வேண்டும், ஏழைகளுக்கு மலிவான சத்தும் வேண்டும். கமலாவும் அவருடைய மாணவர்களும் நீராவிலும் அதிலிருந்து காய்ச்சும் வெல்லத்திலும் என்ன இருக்கிறது என்று பல ஆண்டுகள் அளந்தார்கள். இரும்பும் வைட்டமின்களும் இருப்பதைக் கண்டார்கள். சத்துக்குறைவான வளரிளம் பிள்ளைகளுக்கும் கர்ப்பிணிகளுக்கும் கொடுத்துப் பார்த்து, உடம்பு தேறியதையும் பதிவு செய்தார்கள். அந்த வேலைக்கு அவருக்குக் குடியரசுத் தலைவர் விருது கிடைத்தது. விருதைவிட, இப்படி ஒரு கேள்வியை ஒரு பேராசிரியர் கையிலெடுத்தார் என்பதே எனக்குப் பெரிதாகப் படுகிறது. கேம்பிரிட்ஜில் ஹாப்கின்ஸிடம் வேலை செய்தவர் பனையேறிகளின் கலயத்தை ஆய்வு மேசைக்குக் கொண்டுவந்தார்.

அடுத்தது மொச்சை. என் பிள்ளைகளிடம் இதைத்தான் அதிக நேரம் எடுத்துச் சொல்வேன்.

மாட்டுங்கா மார்க்கெட்டில் மார்கழி, தை மாதங்களில் பச்சை மொச்சை வரும். நம்மவர்கள் கத்தரிக்காயோடு போட்டுக் குழம்பு வைப்பார்கள். கிருஷ்ணகிரி, பெங்களூர்ப் பக்கத்துக்காரர்கள் ஊறவைத்துத் தோலைப் பிதுக்கியெடுத்துப் பிதுக்குப்பருப்புக் குழம்பு வைப்பார்கள். பக்கத்து வீட்டு மராத்திக்காரர்கள் இதே இனத்து வால் என்ற பயற்றை ஊறவைத்து, துணியில் கட்டி முளைவிடச் செய்து, ஒவ்வொன்றாகத் தோலுரித்து பிரடே என்று ஒரு கறி செய்வார்கள். ஒரு டம்ளர் பயறு உரிக்க அரை மணி நேரம் ஆகும். யாரும் மொச்சையைப் பச்சையாக மென்று தின்பதில்லை. ஏன்?

பயற்றுப் புரதத்தை நம் சிறுகுடலில் வெட்டிச் சின்னத் துண்டுகளாக்கும் முக்கியமான நொதி டிரிப்சின். கணையம் அதைச் சுரக்கிறது. புரதச் சங்கிலியில் லைசின், ஆர்ஜினின் என்ற இரண்டு அமினோ அமிலங்கள் எங்கே வந்தாலும் அதற்கு அடுத்த பிணைப்பை டிரிப்சின் வெட்டும். அதன் குழி அந்த இரண்டு பேருக்கும் தகுந்தபடி அமைந்திருக்கிறது. மொச்சை, சோயா போன்ற விதைகளில் ஒரு சின்னப் புரதம் இருக்கிறது. அதன் மேற்பரப்பில் ஒரு வளைவு வெளியே நீட்டிக்கொண்டிருக்கும். அந்த வளைவில் லைசினோ ஆர்ஜினினோ இருக்கும். டிரிப்சின் அதைக் கண்டதும் வழக்கமான இரை என்று குழிக்குள் வாங்கிக்கொள்ளும். ஆனால் அந்த வளைவு அவ்வளவு இறுக்கமாகப் பொருந்துவதால் பிணைப்பு வெட்டுப்பட்டு விலகுவதில்லை. நொதி அங்கேயே சிக்கிக்கொள்ளும். இதற்குப் பெயர் டிரிப்சின் தடுப்பான்.

டிரிப்சின் குறைவதை உடம்பு கவனித்துவிடும். இன்னும் சுரக்கச் சொல்லிக் கணையத்துக்கு ஆணை போகும். எலிகளுக்கும் கோழிக்குஞ்சுகளுக்கும் பச்சை சோயாவைக் கொடுத்தால் அவற்றின் கணையமே வீங்கிப் பெரிதாகிறது. இதில் இன்னொரு நஷ்டமும் உண்டு. டிரிப்சினே புரதம்தான், அதில் கந்தகம் உள்ள அமினோ அமிலங்கள் நிறைய. பயறுகளில் ஏற்கெனவே அவை குறைவு. ஆக, பச்சைப் பயறு தின்றால் அதிலுள்ள புரதம் ஒழுங்காகச் செரிக்காததோடு, உடம்பில் இருப்பதும் வீணாகப் போகும். பச்சை சோயாவைத் தின்ற எலிகள் வளரவில்லை, வேகவைத்ததைத் தின்றவை வளர்ந்தன என்று 1917லேயே ஆஸ்போர்னும் மெண்டலும் கண்டிருந்தார்கள். காரணம் புரிய அடுத்த கால் நூற்றாண்டு ஆனது. 1940களில் குனிட்ஸ் சோயாத் தடுப்பானைப் படிகமாகப் பிரித்தார்.

சோயா நம் உணவு இல்லையே. நாம் தின்பதில் என்ன இருக்கிறது என்பதுதான் கமலாவின் கேள்வி. 1950களின் நடுவில் அவரும் அவருடைய ஆய்வாளர்களும் இந்திய உணவுப்பொருள்களை, காய்கறியும் பயறுமாக, ஒவ்வொன்றாக எடுத்து டிரிப்சின் தடுப்பான் இருக்கிறதா என்று சோதித்தார்கள். 1955இல் மொச்சையிலிருந்தும் டபுள் பீன்ஸிலிருந்தும் தடுப்பானைப் படிகமாகவே பிரித்து நேச்சர் இதழில் வெளியிட்டார்கள். படிகமாகப் பிரிப்பது லேசான காரியம் இல்லை. மாவாக்கிய பயற்றிலிருந்து சாறு எடுத்து, உப்பு சேர்த்து வேண்டாத புரதங்களைப் படியவைத்து நீக்கி, மிச்சத்தை மறுபடி சுத்தம் செய்து, கடைசியில் ஒரே வகைப் புரதம் மட்டும் மிஞ்சும்படி செய்யவேண்டும். கணினியோ இன்றைய தானியங்கிக் கருவிகளோ இல்லாத காலம்.

செடி ஏன் இப்படியொரு பொருளைச் செய்கிறது? நம்மைக் குறிவைத்து இல்லை. விதையைத் துளைக்கும் வண்டுக்கும் இலையை மேயும் புழுவுக்கும் வயிற்றில் இதே போன்ற நொதிகள்தான் இருக்கின்றன. அவற்றுக்குச் செரிக்காமல் செய்தால் விதை பிழைக்கும். வண்டு கடித்த தக்காளி, உருளைக்கிழங்குச் செடிகள், கடிபடாத இலைகளிலும்கூட இந்தத் தடுப்பானைச் சேர்த்துக்கொள்கின்றன என்று 1972இல் அமெரிக்காவில் கண்டார்கள்.

அப்படியென்றால் நாம் செய்கிற சமையல் என்ன செய்கிறது? தடுப்பானும் புரதம்தான். சூட்டில் அதன் வளைவு குலையும். குலைந்தால் டிரிப்சினின் குழியில் சிக்காது, அதுவே செரித்துப்போகும். ஊறவைப்பதால் தடுப்பானில் கொஞ்சம் தண்ணீரில் கரைந்து வெளியேறும்; அதைவிட முக்கியம், பயற்றின் உள்வரைக்கும் தண்ணீர் போய்விடுவதால் சூடு சீராகப் பரவும். ஈரச் சூடு வேலை செய்கிற அளவுக்கு வறட்டுச் சூடு செய்யாது. எனவே வறுத்தால் மட்டும் போதாது, வேகவேண்டும். பிரஷர் குக்கரில் சுமார் 120 டிகிரி வரை போவதால் இது சுலபமாக நடந்துவிடும். சில தடுப்பான்கள் கந்தகப் பாலங்களால் இறுக்கிக் கட்டப்பட்டவை. அவை கொஞ்சம் பிடிவாதம் பிடிக்கும், முழுக்க அழியாது. அந்த மிச்சம் சாதாரண ஆளுக்குத் தொந்தரவு தராது.

கோசுமல்லியில் பாசிப்பருப்பை ஊறவைத்து அப்படியே சாப்பிடுகிறோமே என்று ஒரு பெண் கேட்டாள். நல்ல கேள்வி. பாசிப்பருப்பில் இந்தத் தடுப்பான் சோயாவையும் ராஜ்மாவையும்விட மிகக் குறைவு. நாம் சாப்பிடுவதும் ஒரு கைப்பிடிதான். ராஜ்மாவிடம் அந்தத் தைரியத்தைக் காட்டக் கூடாது. அதில் லெக்டின் என்ற வேறொரு புரதம் இருக்கிறது. சரியாக வேகாமல் தின்றால் சில மணி நேரத்தில் வாந்தியும் வயிற்றுப்போக்கும் வந்துவிடும். குறைந்தது ஐந்து மணி நேரம் ஊறவைத்து, அந்தத் தண்ணீரைக் கொட்டிவிட்டு, புதுத் தண்ணீரில் கொதிக்கவிட்டு நன்றாக வேகவையுங்கள். மெதுவாகச் சூடேறும் மின்சாரப் பாத்திரங்களில் கொதிநிலைக்கு வராமல் நாள் முழுக்க ராஜ்மாவை வைத்திருப்பது ஆபத்து. தனியாக அறை எடுத்துத் தங்கியிருக்கும் பிள்ளைகளுக்காக இதைச் சொல்கிறேன்.

பாலைப் பற்றியும் ஒரு வார்த்தை. மும்பையின் ஆரே பால் திட்டத்துக்குத் தரம் பற்றி ஆலோசனை சொன்னவர்களில் கமலாவும் ஒருவர். பால் கிருமி சாகும்படி சரியாகச் சூடாக்கி பாஸ்சரைஸ் ஆனதா என்று பார்ப்பதற்கே ஒரு நொதியை வைத்துத்தான் சோதிக்கிறார்கள். கறந்த பாலில் ஆல்கலைன் பாஸ்படேஸ் என்ற நொதி உண்டு. காசநோய்க் கிருமி சாகிற சூட்டைவிடச் சற்றே கூடுதலான சூட்டில்தான் அது அழியும். 72 டிகிரியில் 15 நொடி சூடாக்கிய பாலில் அந்த நொதி இல்லையென்றால் கிருமியும் இல்லை என்று நம்பலாம். நொதி இருந்தால் இயந்திரத்தில் கோளாறு, அல்லது பச்சைப் பால் கலந்திருக்கிறது.

கமலா பின்னாளில் அந்த இன்ஸ்டிடியூட்டின் இயக்குநரானார். உள் அரசியலால் அந்தப் பதவி சில ஆண்டுகள் தள்ளிப்போனது. பெங்களூரின் வாசலில் நின்றவருக்கு அப்படி ஒரு காத்திருப்பு மறுபடியும். 1966இல் மும்பையில் பெண்கள் சேர்ந்து தொடங்கிய இந்திய நுகர்வோர் வழிகாட்டிச் சங்கத்தின் நிறுவனர்களில் அவரும் உண்டு. 1982-83இல் அதன் தலைவராக இருந்தார். கலப்படத்தைப் பற்றியும் நுகர்வோர் பாதுகாப்பைப் பற்றியும் சங்கத்தின் கீமத் இதழில் எழுதினார். ஆய்வுக்கூடத்தில் செய்ததை ரேஷன் கடை வரிசையில் நிற்கும் பெண்ணுக்குப் புரியும்படி சொல்லவேண்டும் என்ற பொறுப்பு அவரிடம் கடைசிவரை இருந்தது. 1998இல் இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகம் அவரைத் தில்லிக்கு அழைத்துப் பாராட்டியது. அந்த விழாவிலேயே மயங்கி விழுந்தவர் பிறகு மீளவில்லை. 2023 ஜூன் 18 அன்று கூகுள் தன் முகப்பில் அவர் படத்தைப் போட்டபோதுதான் பலருக்கு அவர் பெயரே தெரியவந்தது.

நொதியை நேரில் பார்க்கவேண்டும் என்று பிள்ளைகள் கேட்டால் செய்துகாட்ட ஒரு வழி இருக்கிறது. மருந்துக் கடையில் 3 சதவீத ஹைட்ரஜன் பெராக்சைடு கிடைக்கும். பெரியவர்கள் பக்கத்தில் இருக்கும்போது, இரண்டு சின்னக் கிண்ணங்களில் கொஞ்சம் ஊற்றிக்கொள்ளுங்கள். கண்ணிலும் வாயிலும் படாமல் பார்த்துக்கொள்ளுங்கள். ஒன்றில் பச்சை உருளைக்கிழங்குத் துண்டைப் போடுங்கள், மற்றதில் நன்றாக வேகவைத்து ஆறவைத்த துண்டை. பச்சைத் துண்டைச் சுற்றி நுரை கிளம்பும். கிழங்கிலுள்ள கேட்டலேஸ் என்ற நொதி பெராக்சைடை உடைத்து ஆக்சிஜனை வெளியேற்றுவதால் வரும் நுரை அது. இன்னொரு பச்சைத் துண்டை எலுமிச்சைச் சாற்றில் அரை மணி நேரம் ஊறவைத்துப் போட்டுப் பாருங்கள், நுரை குறைகிறதா என்று. வெவ்வேறு நேரம் வேகவைத்த துண்டுகளை வரிசையாக வைத்தால் எத்தனை நிமிடத்தில் நொதி குலைகிறது என்பதையும் பிள்ளைகளே கண்டுபிடித்துவிடுவார்கள்.